ஹ்யூகோ இறந்த அறை: எழுத்தாளர் வீடுகளைப் படமாக்குவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பாரிஸின் ப்ளாஸ் தெ வோஜ் சதுக்கத்தில் பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் ஹ்யூகோ 1832 முதல் 1848 வரை குடியிருந்த வீடு இப்போது அருங்காட்சியகம். உள்ளே அவருடைய கடைசிப் படுக்கையறை இருக்கிறது. கேமரா மெல்லக் கட்டிலை நெருங்கும்போது "இங்கேதான் ஹ்யூகோ கண்மூடினார்" என்று பின்னணிக் குரல் ஒலித்தால் மனம் உருகும். ஆனால் தகவல் தவறு. 1885இல் அவர் இறந்தது நகரின் மேற்கே, அவர் உயிரோடு இருந்தபோதே அவர் பெயர் சூட்டப்பட்ட சாலையில் இருந்த வீட்டில். அந்த வீட்டை இடித்துவிட்டார்கள். அறையை மட்டும் இங்கே மறுபடி அமைத்திருக்கிறார்கள்.

எழுத்தாளர் வீடுகளில் அதிகம் நடக்கும் பிழை இதுதான்: கண்ணுக்குத் தெரிவதெல்லாம் அன்று இருந்தபடியே இருக்கிறது என்று நம்புவது. படப்பிடிப்புக்கு முன்பே காப்பாளரோடு உட்கார்ந்து, ஒவ்வொரு பொருளும் அங்கேயே இருந்ததா, பின்னால் வந்ததா என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பதிலைப் படத்திலும் சொல்லுங்கள். இடிந்த வீட்டின் அறையை ஒரு நகரம் இன்னொரு வீட்டுக்குள் காப்பாற்றி வைத்திருப்பது எவ்வளவு பெரிய கதை! அதை ஏன் மறைக்க வேண்டும்?

அடுத்தது, நாவலையும் வாழ்க்கையையும் குழப்புவது. மார்சல் ப்ரூஸ்ட் சிறுவயதில் விடுமுறைக்குப் போன இலியே என்ற ஊர், 1971இல் அவர் நாவலில் வரும் கற்பனை ஊரின் பெயரையும் சேர்த்து இலியே-கோம்ப்ரே ஆனது. அங்குள்ள 'லெயோனி அத்தை வீடு' உண்மையில் அவருடைய அத்தை எலிசபெத் அமியோ வாழ்ந்த வீடு. லெயோனி நாவலில் வருபவர்.

மேசை, பேனா, மைக்கூடு என்றே சுற்றுவது இன்னொரு தவறு. பாரிஸின் பாஸி பகுதியில் நாவலாசிரியர் பால்சாக் கடன்காரர்களுக்குப் பயந்து வேறு பெயரில் குடியிருந்த வீடு சரிவில் கட்டியது. மேலே ஒரு தெரு, பின்னால் கீழே ஒரு சந்து, தப்பிக்க இரண்டு வழி. கேமராவோடு அந்தப் படிகளில் இறங்கிப் பாருங்கள். மேசை சொல்லாததை அது சொல்லும்.

வீடே இல்லாவிட்டால் ஊரை விட்டுவிடாதீர்கள். நாவலாசிரியர் ஃப்ளோபேர் குருவாசே என்ற ஊரில் வாழ்ந்த வீடு இடிக்கப்பட்டு, ஆற்றோரம் ஒரு சிறு மண்டபம் மட்டும் மிஞ்சியிருக்கிறது. எழுதிய வாக்கியங்களை உரக்கக் கத்திப் படித்துச் சோதித்தவர் அவர். அங்கே பியானோ இசையைப் போடாமல், அவர் வரிகளை ஒருவரை உரக்கப் படிக்கச் சொல்லி, அங்கேயே ஒலிப்பதிவு செய்யலாம்.

அப்புறம் அனுமதி. ஹ்யூகோ நாடு கடந்து வாழ்ந்த ஓட்வீல் ஹவுஸ் கெர்ன்சி தீவில் இருந்தாலும், 1927 முதல் அது பாரிஸ் நகராட்சியின் சொத்து. வீட்டில் படமெடுக்கக் கிடைத்த அனுமதி, நூல் வரிகளைப் பயன்படுத்தும் அனுமதி ஆகாது. பிரான்சில் பொதுவாக எழுத்தாளர் இறந்து 70 ஆண்டுகள் வரை பதிப்புரிமை உண்டு. போரில் நாட்டுக்காக உயிர்விட்டவர்களுக்கு இன்னும் நீளும். 1944இல் மறைந்த, 'குட்டி இளவரசன்' எழுதிய செந்த்-எக்சுபெரியின் எழுத்துகளுக்கு, பிரான்சில் இன்னும் உரிமை இருக்கிறது.