வண்டலை எடுப்பது எப்படி: வாய்க்கால் முதல் சொட்டுநீர்க் குழாய் வரை

ஓடும் தண்ணீர் மண்ணைத் தூக்கிக்கொண்டு வரும். நடை தளர்ந்த இடத்தில் இறக்கிவிட்டுப் போகும். தூர் வாரும்போது மண் சேர்ந்த இடத்தைத்தான் எல்லோரும் தோண்டுகிறார்கள், அங்கே தண்ணீர் ஏன் தளர்ந்தது என்று யாரும் பார்ப்பதில்லை. அடுத்த பெருமழைக்கே பள்ளம் பழையபடி நிரம்புவது அதனால்தான். மண்வெட்டியையோ பொக்லைனையோ இறக்குவதற்கு முன் அரை நாள் அளவெடுக்க ஒதுக்குங்கள்.

முதலில், அது என்ன மண்?

வாய் அகன்ற ஒரு கண்ணாடி பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு அந்தச் சேற்றைப் போடுங்கள். தண்ணீர் ஊற்றி, சில துளி பாத்திரம் கழுவும் சோப்பு விட்டு, ஐந்து நிமிடம் நன்றாகக் குலுக்கி, ஆடாத இடத்தில் வையுங்கள். ஒரு நிமிடத்தில் அடியில் இறங்கியிருப்பது மணல். அந்த மட்டத்தில் பேனாவால் கோடு போடுங்கள். இரண்டு மணி நேரத்தில் அதன்மேல் படிவது வண்டல். அதற்குப் பிறகும் தண்ணீரைக் கலங்கலாக வைத்திருப்பது களிமண், அது தெளிய ஒரு நாளோ இரண்டு நாளோ ஆகும், சில சமயம் அதற்கு மேலும் ஆகும்.

இந்தப் பாட்டில்தான் வேலையின் போக்கை முடிவு செய்கிறது. அசையாத தண்ணீரில் 0.1 மி.மீ. மணல் ஒரு மீட்டர் இறங்க ஏறக்குறைய இரண்டு நிமிடம் போதும். 0.01 மி.மீ. வண்டலுக்கு மூன்று மணி நேரம் வேண்டும். 0.002 மி.மீ. களித்துகளுக்கு மூன்று நாளுக்கு மேல். ஆகவே மணலை, வரும் வழியிலேயே இறக்கிவிடும் சின்ன பிடிதொட்டி கட்டியே பிடித்துவிடலாம். களியை அப்படிப் பிடிக்க முடியாது, அது கரைந்து வரும் கரையையோ மேட்டையோ புல் வளர்த்து மூடினால்தான் நிற்கும்.

கனத்தை அளப்பது

இரண்டு கம்பிகள் வேண்டும். ஒன்று 12 மி.மீ. கம்பி, 10 செ.மீ.க்கு ஒரு பெயின்ட் கோடு. மற்றொன்று அதே கம்பியின் நுனியில் 15 செ.மீ. அகலத் தகடு பற்றவைத்தது. தகடு உள்ள கம்பி சேற்றின் மேல்மட்டத்தில் நின்றுவிடும். வெறும் கம்பியை அழுத்தினால் பழைய தரை வரை போகும். இரண்டு அளவுக்கும் உள்ள வித்தியாசமே வண்டலின் கனம்.

கம்பியைப் பிடித்த கைக்கே பாதி விஷயம் தெரியும். மணலில் இறங்கும்போது நறநறவென்று உள்ளங்கையில் உணரலாம். வண்டலில் வெண்ணெயில் போவதுபோல் வழுக்கிக்கொண்டு இறங்கும். பழைய தரையைத் தொட்டதும் 'தொம்' என்று நிற்கும், வெளியே இழுத்தால் நுனியில் வேறு நிறத்தில் கெட்டிக் களி ஒட்டியிருக்கும். அந்த நிறத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். தோண்டும்போது அந்த நிறம் தெரிந்தால் நிறுத்திவிட வேண்டும்.

வாய்க்காலில் 20 மீட்டருக்கு ஒரு இடத்தில் இடம், நடு, வலம் என மூன்று அளவு எடுங்கள். குளத்தில் 10 மீட்டர் கட்டம் போதும், மதகருகே மட்டும் 5 மீட்டர். 200 மீட்டர் நீளம், 1.2 மீட்டர் சராசரி அகலம், 0.35 மீட்டர் சராசரிக் கனம் என்றால் 84 கனமீட்டர். ஈர வண்டல் ஒரு கனமீட்டர் 1.3 டன் என்று வைத்தாலே ஏறக்குறைய 110 டன் வரும், மணல் கலந்திருந்தால் இன்னும் கூடும். வண்டிக்கு ஏற்றும்போது தொட்டி நிரம்பும் முன்பே எடை எல்லையைத் தொட்டுவிடும். நடைக்கணக்கு போடும்போது கொள்ளளவை நம்பாதீர்கள்.

வாய்க்கால்

தலைமதகை இரண்டு மூன்று நாள் முன்பே மூடி வடிய விடுங்கள். அடுத்து பழைய தரைமட்டத்தைக் கண்டுபிடிக்க வேண்டும். பாலத்தின் அடித்தளம், மதகின் படி, சிமென்ட் போட்ட துண்டு போன்ற அசையாத இடங்கள்தான் சாட்சி. இரண்டு சாட்சிகளுக்கு நடுவே டியூப் லெவல் (மட்டம் பார்க்கத் தண்ணீர் நிரப்பிய தெளிந்த குழாய்) பிடித்து, சரிவைக் கணக்கிட்டு முளை அடியுங்கள். சரிவு ஆயிரத்துக்கு ஒன்று என்றால் 100 மீட்டருக்கு 10 செ.மீ., அதாவது 20 மீட்டருக்கு ஒரு முளை, ஒவ்வொன்றும் முந்தையதைவிட 2 செ.மீ. தாழ்வு. கண்ணால் பார்த்து இந்த 2 செ.மீ.யைப் பிடிக்க யாராலும் முடியாது, பொக்லைன் ஓட்டுநர் எவ்வளவு கைதேர்ந்தவராக இருந்தாலும் சரி.

வேலையைக் கீழ்க்கோடியில் தொடங்கி மேல்நோக்கி வாருங்கள். ஊறும் நீர் வெட்டிய பக்கமாக வடிந்து போகும், வேலை முனை காய்ந்திருக்கும். மேலிருந்து தொடங்கினால் ஒவ்வொரு அடியும் குட்டைக்குள் நின்று சேற்றைக் கலக்கும் வேலையாகிவிடும். பல் இல்லாத தட்டை வாய் பக்கெட்டைக் கேளுங்கள். பல் வைத்த பக்கெட் பழைய தரையைக் கீறிவிடும், நீர் கசியும் வழி அதுதான். புல், கோரை, ஆகாயத்தாமரை எல்லாவற்றையும் வேரோடு எடுக்க வேண்டும். மேலே மட்டும் அறுத்துவிட்டால் மிச்சத் தண்டுகளே சீப்புபோல் நின்று மண்ணைப் பிடிக்கும்.

பக்கச் சரிவு மண்ணைப் பொறுத்தது. கெட்டிக் களிக்கு ஓரடி உயரத்துக்கு ஓரடி கிடை அகலம், கலப்பு மண்ணுக்கு ஒன்றரை அடி, மணல் கரைக்கு இரண்டடி. கரையின் அடிக்காலைச் சீவாதீர்கள். சீவிய கரை தண்ணீர் விட்டதும் துண்டாகச் சரிந்து வாய்க்காலுக்குள்ளேயே விழும்.

அதிகமாகத் தோண்டுவதுதான் இந்த வேலையில் அடிக்கடி பார்க்கும் தவறு. 'வந்ததுதான் வந்தோம், இன்னும் ஓரடி எடுத்துவிடுவோம்' என்ற நல்லெண்ணத்தில் நடப்பது. பாலத்தின் அடித்தளத்தைவிடத் தாழ்வாகத் தோண்டினால் அந்த இடம் குட்டையாகித் தேங்கும், முதல் வண்டல் அங்கேதான் இறங்கும். அகலப்படுத்தினாலும் அதே கதி. விநாடிக்கு 100 லிட்டர் தண்ணீர் கால் சதுர மீட்டர் வெட்டுமுகத்தில் போனால் வேகம் 0.4 மீட்டர். அதை அரை சதுர மீட்டராக்கினால் 0.2 மீட்டர். தூர் வாரியதாலேயே தூர் சேர வழி செய்தாகிவிட்டது.

வேகத்தைப் பார்க்கக் கருவி வேண்டாம். பாதி தண்ணீர் நிரப்பிய பாட்டிலை மிதக்கவிட்டு 10 மீட்டர் கடக்கும் நேரத்தை எண்ணுங்கள், வரும் வேகத்தை 0.8ஆல் பெருக்குங்கள். விநாடிக்கு 0.3 மீட்டருக்குக் கீழே போனால் வண்டலும் களையும் சேரும். மண் வாய்க்காலில் 0.6 மீட்டரைத் தாண்டினால், மண் இளகியதாக இருக்கும் இடங்களில் கரை அரிக்கத் தொடங்கும்.

எடுத்த சேற்றைக் கரை உச்சியில் கொட்டிவிட்டுப் போவது வேலையைப் பாதியில் விடுவதற்குச் சமம். அந்தச் சுமையே ஈரக் கரையைச் சரியவைக்கும், மழை வந்தால் பாதி மண் திரும்பிவிடும். வெட்டு விளிம்பிலிருந்து குறைந்தது மூன்று மீட்டர் தள்ளிக் கொட்டி, மழைநீர் வெளிப்புறம் வடிய நடுநடுவே இடைவெளி விடுங்கள்.

குளம்

மண்கரை உள்ள குளத்தை ஒரே நாளில் காலி செய்யக் கூடாது. தண்ணீர் போனாலும் கரைக்குள் ஊறிய ஈரம் போகாது. எதிர்ப்பக்கம் தாங்கிய நீர் இல்லாமல் கரை உள்நோக்கிச் சரியும். நாளுக்கு ஓரடி என்ற கணக்கில் இறக்குங்கள். பிறகு மதகை நோக்கி மீன்முள் வடிவில் சிறு வடிகால்கள் வெட்டிவிட்டு, மேல்பரப்பு வெடிக்கும் வரை காயவிடுங்கள். காய்ந்த வண்டலை அள்ளலாம், கூழை அள்ள முடியாது. கரையின் அடியிலிருந்து மூன்று மீட்டரைத் தொடாமல் விடுங்கள். அடியில் உள்ள களிப்படலம்தான் தண்ணீரைத் தாங்குவது, அதன்மேல் 10 செ.மீ. வண்டல் மிச்சமிருந்தால் தப்பில்லை. அதைப் பெயர்த்துவிட்டால் அடுத்த ஆண்டு குளம் ஆழமாக இருக்கும், தண்ணீர்தான் நிற்காது.

வடிக்க முடியாத குளத்துக்குச் சேறு இறைக்கும் பம்பு. அது இறைக்கும் கூழில் எடைக்கணக்கில் 10 முதல் 20 சதவீதம்தான் மண், ஒரு பங்கு மண்ணுக்கு நான்கு முதல் ஒன்பது பங்கு தண்ணீர் வெளியே வரும். அதைத் தெளியவைக்க அடுத்தடுத்து இரண்டு பள்ளமோ, நீர் கசியவிட்டு மண்ணை மட்டும் நிறுத்தும் ஜியோடெக்ஸ்டைல் பைகளோ முன்பே தயாராக இருக்க வேண்டும். மீன் இருக்கும் குளத்தில் நாற்றமடிக்கும் கறுப்புச் சேற்றைக் கலக்கினால் அது நீரின் ஆக்சிஜனைக் குடித்துவிடும். ஒரு மூலையாக, சிறுகச் சிறுகச் செய்யுங்கள். ஆக்சிஜன் மிகக் குறைவாக இருப்பது விடியற்காலை. அப்போது மீன்கள் மேலே வந்து வாய் திறந்தால் அன்றைக்கு பம்பை ஓட்டாதீர்கள்.

குளத்து வண்டல் வயலுக்கு நல்ல உரம். ஆனால் ஆலைக் கழிவோ சாக்கடையோ கலந்த நீர்நிலை என்றால் ஈயம், காட்மியம் உள்ளதா என்று ஆய்வகத்தில் பார்க்காமல் விளைநிலத்தில் போடக் கூடாது.

பிடிதொட்டி

வண்டலை வரும் வழியிலேயே இறக்கும் தொட்டியில் பலரும் ஆழத்தை நம்புகிறார்கள். உண்மையில் மண்ணைப் பிடிப்பது மேற்பரப்பின் அளவு. ஓட்டத்தை, பிடிக்க வேண்டிய துகள் இறங்கும் வேகத்தால் வகுத்தால் தேவையான பரப்பு கிடைக்கும். விநாடிக்கு 10 லிட்டர் ஓட்டம், பிடிக்க வேண்டியது 0.05 மி.மீ. துகள், அது இறங்கும் வேகம் விநாடிக்கு ஏறக்குறைய 2.2 மி.மீ. கணக்குப்படி 4.5 சதுர மீட்டர். சுழலுக்கும் அலைக்கும் இரட்டிப்பாக்கி 9 சதுர மீட்டர், அதாவது 5.5 மீட்டர் நீளம், 1.7 மீட்டர் அகலம். வண்டல் தங்க வாய்க்கால் தரைக்குக் கீழே 60 செ.மீ. விடுங்கள். நுழைவாயிலில் துளைகள் போட்ட குறுக்குப் பலகை அவசியம், இல்லாவிட்டால் தண்ணீர் நடுவே நேர்கோடாகப் பாய்ந்து போய்விடும், இரு ஓரமும் சும்மா கிடக்கும். அந்த 60 செ.மீ. பாதி நிரம்பியதுமே அள்ளிவிடுங்கள். முழுதும் நிரம்பவிட்டால் ஒரு வெள்ளம் மொத்தத்தையும் வாரிக்கொண்டு கீழே போய்விடும்.

தொட்டியும் சம்பும்

மூடிய தொட்டிக்குள் அவசரமாக இறங்காதீர்கள். அழுகிய சேற்றைக் கிளறினால் வரும் ஹைட்ரஜன் சல்பைடு முதலில் முட்டை நாற்றமடிக்கும், செறிவு கூடினால் மூக்கே மரத்துப்போய் நாற்றம் தெரியாது. மூடிகளைத் திறந்து, ஊதுவிசிறியால் காற்றடித்து, வாயு அளவுமானியால் பார்த்து, மேலே ஒருவர் கயிற்றோடு நிற்கும்போதுதான் இறங்க வேண்டும். மெழுகுவத்தி வைத்துப் பார்ப்பது ஆபத்து, உள்ளே எரியும் வாயுவும் இருக்கலாம். பெட்ரோல் எஞ்சின் பம்பை உள்ளே இறக்கவே கூடாது.

பல சமயம் இறங்க வேண்டிய தேவையே இல்லை. இரவே உள்வரும் வால்வையும் வெளிப்போகும் வால்வையும் மூடிவிட்டு, தண்ணீரை அசையவிடாமல் வையுங்கள். காலையில் ஒரு அங்குல ஹோஸை நீளக் கம்பில் கட்டி, தண்ணீர் நிரப்பி, மறுமுனையைத் தொட்டியின் அடிமட்டத்தைவிட ஒரு மீட்டராவது தாழ்வாக விட்டால், அதுவே உறிஞ்சிக்கொள்ளும். நிலத்தடிச் சம்பில் இது நடக்காது, அங்கே சிறு நீர்மூழ்கிப் பம்புதான். நுனியைத் தரையோடு மெல்ல நகர்த்துங்கள், கூட்டித் தள்ளுவதுபோல் தேய்த்தால் எல்லாம் கிளம்பிவிடும்.

குடிநீர்த் தொட்டி என்றால் கழுவியபின் லிட்டருக்கு 50 மி.கி. குளோரின் விட்டு நிரப்பி ஒரு நாள் வையுங்கள். 30 சதவீத பிளீச்சிங் பவுடர் 1000 லிட்டருக்கு 167 கிராம். நேரடியாகக் கொட்டாமல் பக்கெட்டில் கரைத்து, தெளிந்த நீரை மட்டும் ஊற்றுங்கள். அடியில் தங்கும் சுண்ணாம்பைச் சேர்த்து ஊற்றினால் கழுவிய தொட்டியில் நீங்களே புது வண்டல் போட்டதாகும். வடிக்கும்போது அந்த நீர் மீன் உள்ள இடத்துக்குப் போகக் கூடாது. கடைசியாக, மோட்டாரின் ஃபுட்வால்வை (உறிஞ்சுகுழாயின் அடிமுனை வால்வை) தரையிலிருந்து 15 செ.மீ. உயர்த்திக் கட்டுங்கள்.

குழாய்கள்

குழாயில் படிந்த மணலைக் கிளப்ப விநாடிக்கு 1.5 மீட்டர் வேகம் வேண்டும். 100 மி.மீ. குழாயில் அது விநாடிக்கு 12 லிட்டர், 150 மி.மீ.யில் 26 லிட்டர். அந்த அளவு தண்ணீர் இல்லையென்றால் கிளை வால்வுகளை மூடி, ஒரு நேரத்தில் ஒரே வழியை மட்டும் திறந்துவிடுங்கள். நீர் வரும் முனையிலிருந்து தொடங்கி வெளிநோக்கிப் போக வேண்டும். 100 மீட்டர் நீளமுள்ள 100 மி.மீ. குழாயின் கொள்ளளவு 785 லிட்டர், அதைப்போல் இரண்டு மூன்று மடங்கு போனபின் தெளிவைப் பாருங்கள். வால்வைச் சட்டென்று மூடினால் நீரடி (ஓடும் நீர் திடீரென நின்று குழாயை அறைவது) விழுந்து இணைப்பு விட்டுப்போகும்.

சொட்டுநீரில் வரிசை முக்கியம்: வடிகட்டி, மெயின் (முதன்மைக் குழாய்), சப்மெயின் (அதிலிருந்து பிரியும் கிளைக் குழாய்), கடைசியில் லேட்டரல் (பயிர் வரிசையோரம் ஓடும் சொட்டுக்குழாய்). முந்தியதைக் கழுவாமல் லேட்டரலைத் திறந்தால் சப்மெயின் சேறு முழுவதும் சொட்டுவான்களுக்குள் போகும். வடிகட்டியின் முன்னும் பின்னும் உள்ள அழுத்த வித்தியாசம் 0.5 பார் ஆனதும் கழுவ வேண்டும். 16 மி.மீ. லேட்டரலின் முனையைத் திறந்து ஒரு லிட்டர் பாட்டிலைப் பிடியுங்கள், 20 விநாடிக்குள் நிரம்பினால் உள்ளே வேகம் போதும். நிரம்பாவிட்டால் ஒரே நேரத்தில் அதிக முனைகளைத் திறந்திருக்கிறீர்கள்.

அந்தப் பாட்டிலில் வந்ததை விரலில் தேய்த்துப் பாருங்கள். நறநறவென்று மணல் வந்தால் வடிகட்டியின் வலை கிழிந்திருக்கிறது, 120 மெஷ் (அங்குலத்துக்கு 120 கண்) வலை 0.13 மி.மீ.க்கு மேலுள்ள எதையும் விடாது. செம்பழுப்புத் துகள் என்றால் நீரில் இரும்பு இருக்கிறது. வழவழவென்று பாசிபோல் ஒட்டினால், வலையைத் தாண்டிய களியும் நுண்ணுயிர்ப் பிசினும் சேர்ந்து கட்டியது. அதற்கு வெறும் கழுவல் போதாது, குளோரின் செலுத்தி ஓர் இரவு ஊறவைத்த பிறகே முனைகளைத் திறக்க வேண்டும்.