இரண்டு கோவைகள் சமானமா? கூட்டல் பண்புகளைக் கொண்டு நிறுவுவது எப்படி?

இரண்டு இயற்கணிதக் கோவைகள் சமானமானவை என்றால், மாறிக்கு எந்த எண்ணைக் கொடுத்தாலும் இரண்டும் ஒரே விடையைத் தர வேண்டும். 'எந்த எண்ணை' என்பதுதான் இதில் முக்கியம். ஒன்றிரண்டு எண்களைப் போட்டுப் பார்த்து, விடை ஒத்துவந்ததும் நிறுத்திவிடுகிறோம். அது போதாது. க + க, க × க இரண்டையும் பாருங்கள். க = 0 என்றால் இரண்டுமே 0. க = 2 என்றால் இரண்டுமே 4. ஆனால் க = 3 என்றதும் ஒன்று 6, மற்றது 9.

எண்களைப் போட்டுப் பார்த்து 'சமம் இல்லை' என்று காட்டலாம், அதற்கு ஒரே ஓர் எண் போதும். 'எப்போதும் சமம்' என்று காட்டத்தான் பண்புகள் தேவை. கூட்டலுக்கு நான்கு உண்டு.

பரிமாற்றுப் பண்பு: க + ப = ப + க
சேர்ப்புப் பண்பு: (க + ப) + ம = க + (ப + ம)
சமனிப் பண்பு: க + 0 = க
நேர்மாறு பண்பு: க + (−க) = 0

இனி (4 + க) + (9 + ப) − 4 என்பதும் ப + க + 9 என்பதும் சமானம் என்று நிறுவுவோம்.

படி 1: கழித்தலைக் கூட்டலாக மாற்றுங்கள்.
(4 + க) + (9 + ப) + (−4)

படி 2: சேர்ப்புப் பண்பின்படி அடைப்புக்குறிகளை எடுத்துவிடலாம்.
4 + க + 9 + ப + (−4)

படி 3: பரிமாற்றுப் பண்பைக் கொண்டு வரிசையை மாற்றுங்கள்.
4 + (−4) + ப + க + 9

படி 4: முதல் இரண்டும் நேர்மாறுகள், கூட்டினால் 0.
0 + ப + க + 9

படி 5: சமனிப் பண்பின்படி 0 மறைகிறது.
ப + க + 9

ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் பண்பின் பெயரை எழுதுங்கள். காரணம் எழுத வரவில்லை என்றால், அந்த வரி தவறாக இருக்கலாம். அங்கேயே நின்று சரிபாருங்கள்.

படி 1-ஐத் தாண்டிப் போய்விடாதீர்கள். பலரும் சறுக்கும் இடம் அதுதான். கழித்தலுக்குப் பரிமாற்றுப் பண்பும் கிடையாது, சேர்ப்புப் பண்பும் கிடையாது. (10 − 6) − 2 = 2; ஆனால் 10 − (6 − 2) = 6. கழித்தல் குறியை அப்படியே வைத்துக்கொண்டு அடைப்புக்குறியை நகர்த்தினால் கோவையே மாறிவிடும். க − 6 என்பதை க + (−6) என்று எழுதிவிட்டால், −6 தன் குறியோடு எங்கு வேண்டுமானாலும் நகரலாம்.

3க + 2க = 5க என்பதற்குக் கூட்டல் பண்புகள் மட்டும் போதாது. (3 + 2)க என்று பொதுவாக எடுப்பது பங்கீட்டுப் பண்பு. அதில் பெருக்கலும் வருகிறது. ஒத்த உறுப்புகளைப் பக்கத்தில் கொண்டுவருவது வரைதான் கூட்டல் பண்புகளின் வேலை.

நீங்களே செய்து பாருங்கள்: (ப + 7) + (க − 7) என்பது க + ப-க்குச் சமானம் என்று, ஒவ்வொரு படிக்கும் காரணம் எழுதி நிறுவுங்கள். நான்கு பண்புகளுக்கும் இதில் வேலை இருக்கிறது.