பிள்ளைகளுக்குக் காட்டுமுன் பழங்கதைப் படங்களை நீங்கள் பாருங்கள்

அரசர், கோட்டை, சூனியக்காரி, மாய விலங்கு என்று விரியும் படங்களைப் பள்ளி விடுமுறையில் பிள்ளைகளுக்குக் காட்ட விரும்பும் பெற்றோர், விளம்பரச் சித்திரத்தை மட்டும் நம்பாமல், தொடக்கக் காட்சிகளையும் உச்சக்கட்டத்தையும் முன்னதாகத் தனியே பார்த்து வைப்பது நல்லது.

இடைக்கால ஸ்கொட்லாந்தில் நிகழும் ‘பிரேவ்’ (2012) தாய்க்கும் மகளுக்கும் இடையிலான பிணக்கை மிக அழகாகச் சொல்கிறது. ஆனால் தொடக்கத்திலேயே பெருங்கரடியொன்று குடும்பத்தின்மீது பாய்கிறது. பின்னர் தாயே கரடியாக மாறுகிறார். அன்பு நிறைந்த அவருடைய கண்கள் சட்டென விலங்கின் கண்களாகக் கறுத்துப்போகும் கணம் சின்னப் பிள்ளைகளை உண்மையாகவே கலங்கவைக்கும். ஆகவே, அம்மா மீண்டும் மனித உருவம் பெறுவார் என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். முடிவு தெரிந்தால் சுவை குறையுமோ என்று அஞ்ச வேண்டியதில்லை. அம்மம்மா சொன்ன கதையையே மறுபடியும் கேட்டு அடம்பிடிப்பவர்கள் அல்லவா அவர்கள்!

‘த சீக்ரெட் ஒஃப் கெல்ஸ்’ (2009) அயர்லாந்து மடாலயமொன்றில் ஓவியச் சுவடி உருவாகும் கதை. அதில் வட ஐரோப்பியக் கடற்கொள்ளையரான வைக்கிங்குகள் குடியிருப்பைத் தீயிடும் காட்சி இருப்பதால், போரில் இடம்பெயர்ந்த பெரியவர்கள் உடனிருந்து பார்க்கும் வீடுகளில் அவர்களிடமும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

படம் பிடித்துப்போன பிள்ளைகளை யாழ்ப்பாணத்து நல்லூரில் சங்கிலிய மன்னன் பெயரால் வழங்கும் சங்கிலியன் தோரண வாயிலுக்கு அழைத்துச் சென்று, 1619இல் போர்த்துக்கேயரிடம் வீழும்வரை இங்கும் ஓர் அரசு இருந்ததைச் சொல்லலாம்.