டைட்டிலில் விழாத பெயர்: ஹாலிவுட் பெண் எழுத்தாளர்களின் வரலாற்றைத் திரைக்கதை வகுப்பில் நடத்தும் முறை

திரைக்கதைப் பட்டறைகளில் பெண் எழுத்தாளர்கள் பெரும்பாலும் மார்ச் 8-ஐ ஒட்டி ஒருமுறை எட்டிப் பார்ப்பார்கள். 'முதல் பெண்', 'முதன்முதலாக விருது வாங்கியவர்' என்று பத்துப் பன்னிரண்டு படங்கள் திரையில் ஓடும், கைதட்டல் விழும், அடுத்த வாரம் வழக்கமான பாடத்துக்குத் திரும்பிவிடுவார்கள். அந்த ஒரு மணி நேரத்தில் எழுதக் கற்றுக்கொள்ள யாருக்கும் எதுவும் கிடைப்பதில்லை.

ரோசான் வெல்ச் போன வழி வேறு. 'பெவர்லி ஹில்ஸ் 90210', 'பிக்கெட் ஃபென்சஸ்', 'டச்டு பை ஆன் ஏஞ்சல்' ஆகிய அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர்களில் எழுதிவிட்டு ஆசிரியரானவர். மிசௌரி மாநிலம் கொலம்பியாவிலுள்ள ஸ்டீஃபன்ஸ் கல்லூரியின் தொலைக்காட்சி, திரைக்கதை முதுகலைப் படிப்பை நடத்துபவர். அங்கே பெண்களின் திரைக்கதை வரலாறு எழுத்துப் பயிற்சியோடு பின்னிய பாடம். தொடரில் எழுதிப் பழகியவருக்கு ஒன்று நன்றாகத் தெரியும்: டைட்டிலில் வரும் பெயரும் மேசையில் உட்கார்ந்து எழுதியவரின் பெயரும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை. இந்த வகுப்பு முழுவதும் அதன்மேல்தான் நிற்கிறது. கீழே உள்ள ஆறு அமர்வுத் திட்டம் நாங்கள் அந்தத் திசையில் அமைத்தது. ஒரு அமர்வு இரண்டரை மணி நேரம், 12 மாணவர்களுக்கு மேல் வேண்டாம். புரொஜெக்டர், இணைய இணைப்பு, ஆளுக்கொரு நோட்டு போதும்.

தொடங்கும் முன்

ஒரு மாணவருக்கு ஒரு எழுத்தாளர் என்று பிரித்துவிடுங்கள். பிரான்சஸ் மேரியன், அனிட்டா லூஸ் போன்ற பெரிய பெயர்களுக்குத்தான் எல்லோரும் கைதூக்குவார்கள். அவர்களைப் பற்றி நூல்கள் கிடைப்பதால் மாணவர் அவற்றைச் சுருக்கி எழுதிக் கொடுத்துவிடுவார். பாதிப் பேருக்காவது பெஸ் மெரிடித், மேரி சி. மெக்கால் ஜூனியர், மார்கரீட் ராபர்ட்ஸ், ஜீன் கான்டியர் மாதிரி நடுத்தரப் புகழ் உள்ளவர்களைக் கொடுங்கள். தேடினால் கிடைக்கும், ஆனால் தேடியாக வேண்டும்.

நோட்டில் ஒவ்வொரு படத்துக்கும் ஐந்து கட்டங்கள்: படம், ஆண்டு, அவர் செய்த வேலை (கதை, சினாரியோ எனப்பட்ட மௌனப்படத் திரைக்கதை, காட்சிகளுக்கு நடுவே எழுத்தாக வரும் டைட்டில் கார்டு, வசனம்), அதைச் சொல்லும் ஆவணம், அந்த ஆவணத்தின் தேதி. ஐந்தாவது கட்டத்தை மாணவர்கள் சோம்பலில் விட்டுவிடுவார்கள், விடாதீர்கள். படம் வெளியான மாதத்து விளம்பரமும் நாற்பது ஆண்டு கழித்து எழுதிய நினைவுக்குறிப்பும் ஒரே எடை உள்ளவையாகிவிடக் கூடாது.

பெயரைத் தேடுவது

இங்கேதான் நேரம் அதிகம் போகும். முதல் வேலை, அந்த எழுத்தாளரின் எல்லாப் பெயர்களையும் ஒரு தாளில் எழுதிக்கொள்வது: பிறந்த பெயர், கணவர்களின் பெயரோடு வந்தவை, முதலெழுத்துச் சுருக்கங்கள், புனைபெயர்கள். மேரியன் பிறந்தபோது மேரியன் பென்சன் ஓவன்ஸ். கணவர் ஃபிரெட் தாம்சன் நடித்த கௌபாய் படங்களுக்கு ஃபிராங்க் எம். கிளிஃப்டன் என்ற ஆண்பெயரில் எழுதியிருக்கிறார். 'ஐ லவ் லூசி' எழுதிய மேட்லின் பியூ பிறகு மேட்லின் மார்ட்டின், அதன் பிறகு மேட்லின் டேவிஸ். 'ஸ்டார் டிரெக்' எழுதிய டாரதி ஃபான்டானா டைட்டிலில் டி. சி. ஃபான்டானா. ஒரே பெயரை மட்டும் தேடினால் பாதி வாழ்க்கை கைநழுவிவிடும்.

தமிழில் குறிப்பெடுப்பவர்களுக்குத் தனி ஆபத்து ஒன்று உண்டு. பெண்பெயரான பிரான்சஸும் ஆண்பெயரான பிரான்சிஸும் ஆங்கிலத்தில் ஒரே ஒரு எழுத்தில் வேறுபடுகின்றன, கடைசிக்கு முந்தியது 'ஈ'யா 'ஐ'யா என்பதில். நம் நோட்டில் இரண்டும் 'பிரான்சிஸ்' ஆகிவிடும், மூன்றாவது வாரம் யார் பெண் யார் ஆண் என்று தெரியாமல் விழிப்போம். பெயரை மட்டும் ஆங்கில எழுத்திலேயே குறித்துக்கொள்ளச் சொல்லுங்கள். பெயரின் ஒலியை வைத்தும் பாலைத் தீர்மானிக்க வேண்டாம். மேரியன் என்பது ஆண்களுக்கும் உள்ள பெயர். லீ பிராக்கெட் என்ற பெயரைப் பார்த்த இயக்குநர் ஹோவர்ட் ஹாக்ஸ் ஆண் என்று நினைத்துத்தான் 'தி பிக் ஸ்லீப்' படத்துக்கு அழைத்தார், வந்து நின்றது ஒரு பெண்.

தேட வேண்டிய இடங்களை இந்த வரிசையில் எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் நியூயார்க்கிலுள்ள கொலம்பியா பல்கலைக்கழகத்தின் 'விமன் ஃபிலிம் பயனியர்ஸ் புராஜெக்ட்' தளம். மௌனப்பட காலப் பெண்களுக்கான நல்ல வாசல் அது. அடுத்து அமெரிக்கன் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டின் படப்பட்டியல். மூன்றாவது, அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 1912 முதல் 1939 வரையிலான படங்களுக்கு வெளியிட்ட தொகுதி. இன்டர்நெட் ஆர்க்கைவில் இலவசமாகப் படிக்கலாம், பின்பகுதியில் பெயர்வரிசை உண்டு. மாணவர்கள் கடைசியாகத் திறப்பதும், முதலில் திறந்திருக்க வேண்டியதும் இதுதான். பிறகு பழைய சினிமா இதழ்களுக்கான 'லாண்டர்ன்' தேடுதளம் வழியாக 'மூவிங் பிக்சர் வேர்ல்ட்', 'ஃபோட்டோபிளே', 'வெரைட்டி' இதழ்கள். லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் போக வாய்ப்புள்ளவர்கள் மார்கரெட் ஹெரிக் நூலகத்திலும் திரை எழுத்தாளர் சங்கமான ரைட்டர்ஸ் கில்டின் அறக்கட்டளை நூலகத்திலும் அசல் பிரதிகளைத் தொட்டுப் பார்க்கலாம்.

இதழ்களில் எழுத்தாளர் பெயரை நேராகப் போட்டுத் தேடினால் பல முறை ஒன்றும் வராது. பழைய அச்சை ஸ்கேன் செய்து கணினி படித்தபோது எழுத்துகள் சிதைந்திருக்கும், பெயர் வரிமுனையில் இரண்டாக ஒடிந்திருக்கும். படத்தின் பெயரையும் வெளியான ஆண்டையும் போட்டுத் தேடி, பக்கத்தைக் கண்ணால் படியுங்கள். இன்னொன்று: இதழில் வந்த பேட்டி பெரும்பாலும் ஸ்டுடியோவின் விளம்பரப் பிரிவு தயாரித்தது. வேலை பற்றி அது சொல்வதைக் குறித்துக்கொள்ளலாம், வயதையும் குடும்பக் கதையையும் நம்ப வேண்டாம்.

டைட்டிலைப் படிப்பது

சொற்களில் ஒரு குழி இருக்கிறது. நம் படப்பிடிப்புகளில் 'கண்டினியூட்டி' என்றால் உதவி இயக்குநர் சட்டைப் பொத்தானையும் கடிகாரத்தையும் சரிபார்க்கும் வேலை. 1920-களின் ஹாலிவுட்டில் கண்டினியூட்டி என்றால் ஷாட் ஷாட்டாகப் பிரித்து எழுதிய திரைக்கதை. மாணவர் இதைத் தெரியாமல் ஒரு முழு எழுத்தாளரை உதவியாளராக்கி எழுதிக்கொண்டு வருவார். 'சினாரியோ எடிட்டர்' படத்தொகுப்பாளர் இல்லை, வந்த கதைகளைத் தேர்ந்து திருத்தி எழுதும் துறையை நடத்தியவர்.

பெயர் இருந்தாலே எழுதினார் என்றும் ஆகிவிடாது. 'கிரீட்' (1924) டைட்டிலில் ஜூன் மாதிஸின் பெயர் இருக்கிறது. ஸ்டுடியோவில் அவர் வகித்த பதவியால் வந்த பெயர் அது. அதை வைத்து அந்தப் படத்தைச் சிதைத்தவர் அவர்தான் என்று ஒரு நீண்ட பழியே உருவானது. அதே மாதிஸ்தான் 'தி ஃபோர் ஹார்ஸ்மென் ஆஃப் தி அபொகலிப்ஸ்' (1921) எழுதி, நடிகர் வாலன்டினோவை அதில் நடிக்க வைக்கப் போராடியவர். பெண் என்பதற்காக இல்லாத வேலையை ஏற்றிச் சொல்வதும் வரலாற்றைக் கெடுக்கும்.

கணவன் மனைவி இணைகள் தனிச் சிக்கல். லூஸும் ஜான் எமர்சனும், டாரதி பார்க்கரும் ஆலன் கேம்பலும், பிரான்சஸ் குட்ரிச்சும் ஆல்பர்ட் ஹாக்கெட்டும். யார் எத்தனை விழுக்காடு என்று கணக்குப் போட மாணவர்கள் ஆசைப்படுவார்கள், தடுத்துவிடுங்கள். கையெழுத்துப் பிரதி இருந்தால் பேசலாம், இல்லையென்றால் 'இருவர் எழுதியது' என்பதோடு நிற்க வேண்டும். இன்றைய கில்டு விதிப்படி இரண்டு பெயர்களுக்கு நடுவே ஆம்பர்சாண்ட் குறி (&) இருந்தால் சேர்ந்து எழுதியவர்கள், 'அண்ட்' என்ற சொல் இருந்தால் தனித்தனியே எழுதியவர்கள். இந்த விதியை மௌனப்படங்களின் மேல் போட்டுப் பார்க்காதீர்கள், அப்போது இந்த விதியே கிடையாது.

கம்யூனிஸ்ட் தொடர்பு என்ற சந்தேகத்தில் பலருக்கு ஹாலிவுட் வேலை மறுத்த கறுப்புப் பட்டியல் காலத்தில் படத்தில் ஒன்றும் தரவுத்தளத்தில் வேறொன்றும் இருக்கும். மார்கரீட் ராபர்ட்ஸ் 'ஐவன்ஹோ' (1952) படத்துக்கு எழுதினார். அமெரிக்க நாடாளுமன்ற விசாரணைக் குழுவிடம் மற்றவர்களின் பெயர் சொல்ல மறுத்ததால் எம்ஜிஎம் ஸ்டுடியோ டைட்டிலிலிருந்து அவர் பெயரையே எடுத்துவிட்டது. பிறகு 'ட்ரூ கிரிட்' (1969) அவர் பெயரோடு வந்தது. இப்படி மறைக்கப்பட்ட பல பெயர்களைக் கில்டு பின்னாளில் திருத்தி வெளியிட்டிருக்கிறது. ஆகவே பிலிமில் பார்த்த பெயரையும் பட்டியலில் உள்ள பெயரையும் இரண்டு வரிகளாக எழுதுங்கள்.

ஆறு அமர்வுகள்

முதல் அமர்வில் பேச்சைக் குறைத்து 'தி நியூயார்க் ஹேட்' (1912) போடுங்கள். கால் மணி நேரப் படம். கதை லூஸினுடையது, 25 டாலருக்கு விற்றது. சாகும் தாய் தன் மகளுக்கு ஏதாவது அழகான பொருள் வாங்கித் தரச் சொல்லிப் போதகரிடம் பணம் விட்டுப்போகிறாள். அவர் தொப்பி வாங்கித் தர, ஊர் வம்பு பேசுகிறது. படம் முடிந்ததும் ஒரே பக்கத்தில் அதன் சினாரியோவை எழுதச் சொல்லுங்கள், 40 நிமிடம். பேச்சில்லாமல் வம்பை எப்படிக் காட்டுவது என்று அவர்கள் திணறும்போதுதான் 1912-ல் எழுதியவரின் மேல் மரியாதை வரும்.

இரண்டாவதில் லோயிஸ் வெபரின் 'சஸ்பென்ஸ்' (1913), பத்து நிமிடம். வீட்டில் தனியே இருக்கும் தாய், உள்ளே நுழையும் நாடோடி, தொலைபேசியில் கணவன். மூன்று பேரையும் ஒரே சட்டத்தில் முக்கோணமாகப் பிரித்துக் காட்டும் இடத்தில் நிறுத்துங்கள். அதை வார்த்தையில் எப்படி எழுதுவது என்பதே பயிற்சி. முழு ஷாட் பட்டியலும் வேண்டும். இந்தப் படங்கள் பதிப்புரிமை காலாவதியானவை, அமெரிக்காவில் வெளியாகி 95 ஆண்டு முடிந்த படத்தைத் தயக்கமின்றித் திரையிடலாம். 1912–1929 காலத்து 10,919 அமெரிக்க முழுநீள மௌனப்படங்களில் அசல் வடிவில் முழுமையாக எஞ்சியவை ஏறத்தாழ 14 விழுக்காடு என்று அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் 2013 அறிக்கை சொல்கிறது. மாணவரின் எழுத்தாளருக்கு ஒரு படம்கூடக் கிடைக்காமல் போகலாம். அப்போது பதிப்புரிமைக்காகக் கொடுத்த கதைச்சுருக்கம்தான் பாடநூல்.

மூன்றாவது பேசும்படம். மேரியன் 'தி பிக் ஹவுஸ்' (1930) எழுதச் சான் குவென்டின் சிறைக்கே போய்ப் பார்த்தார். எழுத்துக்கான ஆஸ்கர் வாங்கிய முதல் பெண் என்பதை ஒரு வரியில் சொல்லிவிட்டு, கைதியின் முதல் பத்து நிமிடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒலி வந்தபின் எதைப் பேச்சில் விட்டார், எதைப் படத்திலேயே வைத்தார் என்று இரண்டு வண்ணப் பேனாவால் பிரிக்கச் சொல்லுங்கள்.

நான்காவது கில்டு, வறண்டதுபோல் தோன்றும், விட்டுவிடாதீர்கள். 1933-ல் ஸ்கிரீன் ரைட்டர்ஸ் கில்டு தொழிற்சங்கமாக அமைந்தபோது மேரியன் துணைத்தலைவர். 1942-ல் மெக்கால் அதன் முதல் பெண் தலைவர். யார் பெயர் போடுவது என்ற முடிவு தயாரிப்பாளர் கையிலிருந்து எழுத்தாளர்கள் கைக்கு வந்த கதை இது. மூன்று மாணவர்களை நடுவர்களாக உட்கார வைத்து, ஒரே காட்சியின் இரண்டு வரைவுகளைக் கொடுத்து, யாருக்குப் பெயர் என்று தீர்ப்பு எழுதச் சொன்னால் வகுப்பில் சண்டையே நடக்கும். நடக்கட்டும்.

ஐந்தாவது தொலைக்காட்சி. 'ஐ லவ் லூசி'யின் முதல் பருவத்து 35 பகுதிகளையும் எழுதியது பியூ, பாப் கேரல் ஜூனியர், ஜெஸ் ஓப்பன்ஹைமர் என்ற மூவர்தான். உடல் நகைச்சுவையைப் பிரதியில் கொட்டை எழுத்தில் தட்டச்சு செய்வார்கள். கீழே விழுவது, சாக்லேட் வாயில் திணிப்பது எல்லாம் எழுதப்பட்டவை, நடிகை அந்த நேரத்தில் கண்டுபிடித்தவை என்று எண்ண வேண்டாம். மாணவர்கள் ஒரு பக்கம் வசனமே இல்லாமல் எழுதட்டும். இன்னொருவர் அதை அப்படியே நடித்துப் பார்க்கட்டும், எழுதாமல் விட்டது அங்கே தெரியும். தொடர்களில் ஒரு பகுதிக்கு ஒரு பெயர் வந்தாலும் எழுத்தாளர் அறையே சேர்ந்து எழுதியிருக்கும். அதனால் 'எழுதியவர்' வரியை மட்டும் பார்க்காமல், அந்த ஆண்டு அவர் ஸ்டாஃப் ரைட்டரா, ஸ்டோரி எடிட்டரா, புரொடியூசரா என்றும் குறிக்க வேண்டும்.

ஆறாவதில் ஒவ்வொருவருக்கும் பத்து நிமிடம். விதி ஒன்றுதான்: எழுத்தாளரின் ஒரு பக்கத்தை, அல்லது ஒரு காட்சியை, மேசையில் வைத்துவிட்டுத்தான் பேச வேண்டும். வாழ்க்கைக் கதைக்கு இரண்டு நிமிடத்துக்கு மேல் கிடையாது. திருமணங்களும் மணமுறிவுகளும் சுவையாகத்தான் இருக்கும், பத்து நிமிடத்தையும் அவையே தின்றுவிடும்.

மௌனப்படங்களில் பாதியைப் பெண்களே எழுதினார்கள் என்ற வாக்கியம் நிச்சயம் யாராவது ஒருவர் காகிதத்தில் வரும். பதிப்புரிமைக்குப் பதிவான கதைகளை எண்ணியதா, டைட்டிலை எண்ணியதா, எந்த ஆண்டுகள் என்று கேளுங்கள். பதில் இல்லாவிட்டால் அடித்துவிடலாம். பெண்கள் மிகப் பலர் எழுதினார்கள் என்பதற்கு அந்த எண் தேவையில்லை, ஆஸ்கர் வழங்கும் அகாடமியை 1927-ல் நிறுவிய 36 பேரில் மூன்றே பெண்கள் இருந்தபோதும் அதில் இருவர், ஜீனி மெக்ஃபர்சனும் மெரிடித்தும், எழுத்தாளர்கள்.

தமிழுக்கும் இதே முறை பொருந்துமா என்று கேட்பார்கள். டி. பி. ராஜலட்சுமி தன் நாவலையே 1936-ல் 'மிஸ் கமலா' என்று இயக்கியவர், அவரில் தொடங்கலாம். நம் பக்கம் பதிப்புரிமைத் தொகுதியின் இடத்தில் பாட்டுப் புத்தகங்களை வைத்துக்கொள்ள வேண்டும். அவற்றின் முதல் பக்கங்களில்தான் கதை, வசனம் யார் என்று அச்சாகியிருக்கும்.

மதிப்பெண் போடும்போது ஒன்றைக் கவனியுங்கள். தேடியும் கிடைக்காத மாணவர் பயந்து, கிடைத்ததுபோல் நிரப்பிவிடுவார். வெற்றுக் கட்டத்துக்கும் மதிப்பெண் உண்டு என்று முதல் நாளே சொல்லுங்கள். ஆனால் அந்தக் கட்டத்தில் எந்தப் பெயர்களை, எந்தத் தொகுதிகளில், எந்த ஆண்டிலிருந்து எந்த ஆண்டு வரை தேடினார் என்று எழுதியிருக்க வேண்டும். அடுத்த ஆண்டு அதே எழுத்தாளரை எடுப்பவர் அந்த இடத்திலிருந்து தொடங்குவார்.