கொடையில் பாடும் வில்லுக்கதையைப் பதிவு செய்து எழுதுவது எப்படி

இசக்கியும் சுடலைமாடனும் கதை முடிந்ததும் மறைந்துபோகிறவர்கள் அல்லர். குமரி மாவட்டத்தில் தோவாளை முதல் விளவங்கோடு வரை அவர்களுக்குப் பீடம் உண்டு, படையல் உண்டு, கோபமும் உண்டு. வில்லுப்பாட்டில் தங்கள் கதையைப் பாடக் கேட்டால் சாமியாடி மேல் வந்து இறங்குவார்கள். ஆகவே பாட்டு வரியை மட்டும் எழுதி எடுத்தால் பாதிக் கதைதான் கையில் இருக்கும். எந்த அடியில் யார் எழுந்தார் என்பதும் சேர்ந்ததே கதை.

கொடை என்னும் கோயில் திருவிழாவுக்கு ஒரு வாரம் முன்பே கோயில் நிர்வாகத்தையும், வில்லடித்துப் பாடும் குழுத்தலைவரான அண்ணாவியையும் பாருங்கள். வெற்றிலை பாக்கு, தட்சணை வைத்துக் கேட்பதே முறை. மதியக்கொடைக்கு எந்தக் கதை, சாமக்கொடைக்கு எந்தக் கதை, சாமியை வரவழைக்கும் வரத்துப்பாட்டு எந்தெந்தத் தெய்வத்துக்கு என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். வீட்டில் வைத்துப் பாடச் சொல்லிப் பதிவெடுக்கும் குறுக்குவழி வேண்டாம். சாவும் அவதாரமும் வரும் பகுதியைக் கோயிலுக்கு வெளியே பாடப் பலர் தயங்குவார்கள்; பாடினாலும் சுருக்கிவிடுவார்கள். அந்தச் சுருக்கத்தை முழுக்கதை என்று நம்பி அச்சேற்றுவது பெரிய பிழை.

பதிவுக் கருவியை அண்ணாவிக்கு முன்னால் ஒரு மீட்டர் தூரத்தில், குடம் இருக்கும் பக்கத்துக்கு எதிர்ப்பக்கமாக வையுங்கள். பாளை மட்டையால் குடத்தை ஓங்கி அடிக்கும்போது ஒலி உடைந்து, அதே நேரத்தில் பாடிய சொல் காணாமல் போகும். பாட்டின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி அளவை முன்கூட்டியே இறக்கிவிடுங்கள். ஒலிபெருக்கிக் குழாய்க்கு எதிரே உட்காரவே கூடாது. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் ஸ்டீரியோ பதிவு மணிக்கு ஏறக்குறைய 1 ஜிபி பிடிக்கும். ஓர் இரவுக்கு 32 ஜிபி அட்டை ஒன்றும் மாற்று பேட்டரியும் போதும். இரண்டாவது கருவி ஒன்று பீடத்தருகே இருந்தால் குரவையும் சாமியாடியின் வாக்கும் கிடைக்கும். முகத்துக்கு நேரே கேமரா விளக்கை அடிக்காதீர்கள்.

பதிவு ஓடும்போதே நோட்டில் மணியைக் குறியுங்கள்: வரத்துப்பாட்டு தொடங்கிய நேரம், தாளம் முறுகிய இடம், குரவை, சாமி வந்த அடி, தீபாராதனை. சாமி வரத் தாமதித்தால் அண்ணாவி அதே அடிகளைத் திரும்பத் திரும்பப் பாடுவார். சீக்கிரம் வந்துவிட்டால் மிச்சத்தை விட்டுத் தாவுவார். இதைக் குறிக்காமல் விட்டால், பின்னால் படிப்பவர் நீட்டலைக் கூறியது கூறல் என்பார், தாவலை மறதி என்பார். இரண்டுமே தெய்வத்தின் வேகத்துக்குக் கதை விட்டுக்கொடுத்த இடம்.

எழுதும்போது பாட்டைத் தனியாகவும் இடையில் வரும் வசனத்தைத் தனியாகவும் பிரித்துக் காட்டுங்கள். வலத்தே பாடுபவர், இடத்தே பாடுபவர் யார் எதைச் சொன்னார் என்பதும் வேண்டும். விளவங்கோட்டுப் பேச்சில் வரும் மலையாளச் சொல்லைத் 'திருத்தி' நல்ல தமிழாக்காதீர்கள். அந்தச் சொல் அங்கே இருப்பதற்கு அந்த மண்ணின் வரலாறே காரணம்.

மிகவும் கவனம் வேண்டியது, வடிவங்களைக் கலப்பதில். நீலியை எடுத்துக்கொள்ளுங்கள். வஞ்சித்து உயிர் கொள்ளும் ஒருத்தியைப் பற்றிக் கேட்டு அஞ்சும் பழையனூர் என்று ஏழாம் நூற்றாண்டிலேயே சம்பந்தர் பாடிவிட்டார். அந்தக் கதையில் வேளாளர் 70 பேர் சொன்ன சொல்லுக்காகத் தீயில் இறங்குகிறார்கள். தெற்கே வில்லில் அவள் கொலையுண்ட பெண். கள்ளியைச் சாட்சி வைத்து, பிறகு கள்ளிக்கொம்பையே பிள்ளையாக்கி இடுப்பில் சுமந்து நியாயம் கேட்டு வருகிறாள். மலையாளம் சொல்லும் கள்ளியங்காட்டு நீலியோ கடமற்றத்துக் கத்தனார் என்னும் மந்திரவாதப் பாதிரியாரின் மந்திரத்துக்கு அடங்கிய யட்சி. அங்கே அவள் பயத்துக்குரியவள், இங்கே பிள்ளை வரம் கேட்டுத் தொட்டில் கட்டும் இசக்கியம்மன். மூன்றையும் தைத்து 'மூலக்கதை' ஒன்றைச் செய்தால் எந்த ஊரிலும் எவரும் கும்பிடாத ஒரு நீலிதான் வருவாள். ஒரு கொடை, ஒரு குழு, ஓர் எழுத்துப்படி என்று வைத்துக்கொள்ளுங்கள். பக்கத்து ஊரில் வேறுபடுவதை அடிக்குறிப்பில் சொல்லுங்கள், உள்ளே நுழைக்காதீர்கள்.

'இது ஏன் இப்படி முடிகிறது' என்று அண்ணாவியிடம் தாராளமாகக் கேட்கலாம். 'இப்படி மாற்றிப் பாடலாமே' என்று சொல்லக் கூடாது. ஒரு தெய்வத்தின் குணத்தை மாற்றும் உரிமை தமக்கே இல்லை என்று நினைப்பவர்கள் அவர்கள்.

படி முடிந்ததும் அண்ணாவிக்கு வாசித்துக் காட்டுங்கள். காதில் தப்பிய ஊர்ப்பெயர்களும் குலப்பெயர்களும் அப்போதுதான் சரியாகும். ஒலிப்பதிவின் ஒரு பிரதி கோயிலுக்கு, ஒன்று குழுவுக்கு. இணையத்தில் ஏற்றுவதாக இருந்தால் வரத்துப்பாட்டுப் பகுதிக்குத் தனியாக அனுமதி கேளுங்கள். வேண்டாம் என்றால் அந்தப் பகுதியை வெட்டி, வெட்டிய இடத்தையும் அதன் நேர அளவையும் பதிவில் குறித்துவிடுங்கள்.