திராட்டில் வால்வு ஏன் பழுதாகிறது? கழற்றி மாற்றும் முன் பார்க்க வேண்டியவை

சிவப்பு விளக்குக்காகக் காரை நிறுத்துகிறீர்கள். ஆக்ஸிலரேட்டரிலிருந்து காலை எடுத்ததும் இன்ஜின் ஒரு முறை குலுங்கி அணைந்துவிடுகிறது. மறுபடி ஸ்டார்ட் செய்தால் ஒன்றுமே நடக்காததுபோல் ஓடுகிறது. முதலில் வாரத்துக்கு ஒரு முறை, பிறகு நாளுக்கு ஒரு முறை. கடைசியில் ஸ்கேனரை (காரின் கணினியில் பதிவான பழுதுகளைப் படிக்கும் கருவி) செருகிப் பார்த்தால் திராட்டில் என்ற சொல்லோடு ஒரு பழுதுக் குறியீடு வருகிறது. "திராட்டில் பாடி போய்விட்டது, மாற்றிவிடலாம்" என்று தீர்ப்பும் உடனே வந்துவிடுகிறது.

நான் அவ்வளவு சீக்கிரம் நம்புவதில்லை. இதுவரை நான் கழற்றிப் பார்த்தவற்றில் பெரும்பாலானவை அழுக்கால் சிக்கியவை. சில, பக்கத்து உறுப்பு செய்த தவறுக்குத் தண்டனை அனுபவித்தவை. உண்மையிலேயே உடைந்தவை கொஞ்சம்தான். அதனால்தான் இந்தச் செய்முறை வெளியிலிருந்து உள்ளே போகும் வரிசையில் இருக்கிறது. பெட்ரோல் கார்களை மனத்தில் வைத்தே எழுதுகிறேன். டீசல் இன்ஜின் பலவற்றிலும் இதுபோன்ற ஒரு வால்வு உண்டு. ஆனால் அதன் வேலை வேறு.

முதலில், அது என்ன செய்கிறது?

ஏர் ஃபில்டருக்கும் இன்டேக் மேனிஃபோல்டுக்கும் (காற்றை சிலிண்டர்களுக்குப் பிரித்துக் கொடுக்கும் குழாய்த் தொகுப்பு) நடுவில் உள்ள உலோகக் குழாய்தான் திராட்டில் பாடி. அதற்குள் ஒரு தண்டில் கோத்த வட்டத் தகடு இருக்கும். அந்தத் தகடுதான் திராட்டில் வால்வு. கார்களில் அதன் குறுக்களவு சுமார் 5 அல்லது 6 சென்டிமீட்டர். நீங்கள் காலால் அழுத்துவது பெட்ரோலை அல்ல, இந்தத் தகட்டை. எவ்வளவு காற்று உள்ளே வருகிறது என்று இன்ஜினின் கணினி கணக்கிட்டு, அதற்கேற்ற பெட்ரோலைத் தானே பீய்ச்சுகிறது. 1 கிராம் பெட்ரோலுக்கு ஏறத்தாழ 14.7 கிராம் காற்று என்பது அந்தக் கணக்கின் அடிப்படை. ஆகவே தகடு கொஞ்சம் பிசகினாலும் கணக்கு முழுவதும் பிசகும்.

உங்கள் காரில் எந்த வகை என்று பார்த்துக்கொள்ளுங்கள். திராட்டில் பாடியின் பக்கவாட்டில் ஓர் எஃகு கேபிள் வந்து சேர்ந்தால் அது பழைய கேபிள் வகை. கேபிள் இல்லாமல், தடித்த பிளாஸ்டிக் மூடியும் பெரும்பாலும் 6 பின்கள் கொண்ட கனெக்டரும் இருந்தால் அது மின்னணு வகை. மூடிக்குள் ஒரு சிறு மோட்டாரும், பல்சக்கரங்களும், தகட்டைத் தன் நிலைக்குத் திருப்பும் ஸ்பிரிங்கும், தகட்டின் கோணத்தை அளக்கும் இரண்டு சென்சார்களும் இருக்கும்.

படி 1: குறியீட்டைப் படித்து எழுதி வையுங்கள்

அழிக்கும் பொத்தானைத் தொடுவதற்கு முன் குறியீட்டை ஒரு தாளில் எழுதுங்கள். பி0506 (ஸ்கேனரில் P0506) என்றால் ஐடிலிங் வேகம், அதாவது பெடலை அழுத்தாமல் நிற்கும்போது இன்ஜின் சுழலும் வேகம், இருக்க வேண்டியதைவிடக் குறைவு. பி0507 என்றால் அதிகம். இந்த இரண்டும் பெரும்பாலும் அழுக்கையோ காற்றுக் கசிவையோ காட்டுபவை. பி2135 வந்தால், தகட்டின் இரண்டு சென்சார்களும் ஒன்றுக்கொன்று பொருந்தாத அளவுகளைச் சொல்கின்றன. பி2111, தகடு திறந்த நிலையில் சிக்கியதற்கு. பி2112, மூடிய நிலையில் சிக்கியதற்கு.

பி2138ஐத் தனியாகச் சொல்ல வேண்டும். அது ஆக்ஸிலரேட்டர் பெடலில் உள்ள சென்சார்களைப் பற்றியது. இன்ஜின் பக்கமே போகத் தேவையில்லை. ஆனாலும் இந்தக் குறியீட்டுக்குத் திராட்டில் பாடியை மாற்றுபவர்கள் இருக்கிறார்கள்.

கூடவே, தொல்லை எப்போது வருகிறது என்பதையும் எழுதுங்கள். நிற்கும்போது மட்டும் வருகிறதா, மழைக்குப் பிறகு வருகிறதா, மேடு பள்ளத்தில் குலுங்கும்போது வருகிறதா? பல நேரங்களில் இந்த ஒரு வரி ஸ்கேனரைவிட அதிகம் சொல்லிவிடும்.

படி 2: பேட்டரியும் கனெக்டரும்

மின்னணு திராட்டிலை நகர்த்துவது ஒரு சிறு மின்மோட்டார். மின்னழுத்தம் தள்ளாடினால் அதுவும் தள்ளாடும். இன்ஜின் ஓடாத நிலையில் பேட்டரி சுமார் 12.4 முதல் 12.7 வோல்ட் காட்ட வேண்டும். இன்ஜின் ஓடும்போது பொதுவாக 13.5 முதல் 14.5 வரை இருக்கும். இதில் குறை இருந்தால் மற்ற சோதனைகளை நிறுத்திவிட்டு முதலில் இதைச் சரிசெய்யுங்கள்.

அடுத்து, இக்னிஷனை அணைத்துவிட்டு, திராட்டில் பாடியின் கனெக்டரைக் கழற்றி வெளிச்சத்தில் பிடியுங்கள். பின்கள் எல்லாம் ஒரே உயரத்தில், ஒரே பளபளப்பில் இருக்க வேண்டும். ஒரு பின்னின் அடியில் பச்சை நிறத்தில் பொடிபோல் படிந்திருந்தால் ஈரம் புகுந்திருக்கிறது. ஒரு பின் மட்டும் உள்வாங்கியிருந்தால் அது எதிர்ப்பக்கத்தை ஒழுங்காகத் தொடவில்லை. கனெக்டரிலிருந்து கிளம்பும் வயர்களையும் ஒரு சாண் தூரத்துக்கு விரலால் தடவிப் பாருங்கள். உலோக விளிம்பில் உராய்ந்து உறை தேய்ந்த வயர், குலுங்கும்போது மட்டும் பழுது காட்டி நாள்கணக்கில் அலைக்கழிக்கும்.

படி 3: திருட்டுக் காற்று

தகட்டைத் தாண்டிய பகுதியில் எங்காவது விரிசல் இருந்தால் காற்று அந்த வழியாகவும் உள்ளே போகும். கணினி எவ்வளவு மூடச் சொன்னாலும் இன்ஜின் வேகம் இறங்காது. திராட்டில் பாடிக்கும் மேனிஃபோல்டுக்கும் இடையிலுள்ள கேஸ்கெட் (கசிவைத் தடுக்கும் மெல்லிய அடைப்பு), பிரேக் மிதியை எளிதாக்கும் பூஸ்டருக்குப் போகும் குழாய், கிரேங்க்கேஸ் (இன்ஜினின் அடிப்பகுதி) வாயுவைக் கொண்டுவரும் மெல்லிய குழாய்கள் ஆகியவைதான் வழக்கமான இடங்கள். ஏர் ஃபில்டரிலிருந்து வரும் பெரிய ரப்பர் குழாயின் மடிப்புகளையும் விரித்துப் பாருங்கள். விரிசல் மடிப்பின் அடியில்தான் ஒளிந்திருக்கும்.

இன்ஜினை ஓடவிட்டு, உஸ் என்ற சத்தம் வருகிறதா என்று கேளுங்கள். தலைமுடி, சட்டைக் கை, விரல் எதுவும் விசிறிக்கும் பெல்ட்டுக்கும் அருகே போகக் கூடாது. சந்தேகப்படும் இடத்தில் எரியக்கூடிய ஸ்பிரேயை அடித்து, இன்ஜின் சத்தம் மாறுகிறதா என்று பார்க்கும் வழக்கம் ஒன்று உண்டு. சூடான இன்ஜினில் அதை நான் செய்வதில்லை; நீங்களும் செய்ய வேண்டாம். கண்ணுக்கும் காதுக்கும் சிக்காத கசிவு என்றால், ஒர்க்‌ஷாப்பில் புகை செலுத்திப் பார்க்கச் சொல்லலாம்.

படி 4: குழாயைக் கழற்றித் தகட்டைப் பாருங்கள்

இன்ஜின் ஆறட்டும். இக்னிஷனை அணைத்து, சாவியை உங்கள் பையில் போட்டுக்கொள்ளுங்கள். பொத்தானை அழுத்தி ஸ்டார்ட் செய்யும் கார் என்றால் சாவியைக் காரிலிருந்து தூரத்தில் வையுங்கள். பேட்டரியின் நெகடிவ் முனையையும் கழற்றிவிடுங்கள். மோட்டார் திடீரென்று தகட்டை மூடினால் விரல் மாட்டிக்கொள்ளும்.

கிளாம்பைத் தளர்த்தி ரப்பர் குழாயை விலக்கினால் தகடு தெரியும். முன்பக்கம் சுத்தமாக இருக்கிறதே என்று ஏமாந்துவிடாதீர்கள். டார்ச் அடித்து, தகட்டின் விளிம்பு குழாய்ச் சுவரைத் தொடும் இடத்தைப் பாருங்கள். சுவரைச் சுற்றி மை தீட்டியதுபோல் ஒரு கருவளையம் இருக்கும். விரலால் தொட்டால் பிசுபிசுக்கும். நகத்தால் சுரண்டினால் கரியும் எண்ணெயும் கலந்த மெழுகு மாதிரி ஒட்டிக்கொண்டு வரும். தகட்டின் பின்புறத்தில் இதைவிட அதிகமாக இருக்கும்.

மின்னணு வகையில், காலை எடுத்த பிறகும் தகடு முழுக்க மூடிக்கொள்வதில்லை. விளிம்புக்கும் சுவருக்கும் இடையே ஒரு மயிரிழை இடைவெளி இருக்கும். ஐடிலிங்கில் இன்ஜின் மூச்சுவிடுவது அந்த இடைவெளி வழியாகத்தான். கருவளையம் படிவதும் சரியாக அங்கேதான். இடைவெளி குறுகக் குறுக, கணினி தகட்டைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடுதலாகத் திறந்து சமாளிக்கிறது. மாதக்கணக்கில் உங்களுக்கு எதுவும் தெரியாது. அதற்கு அனுமதிக்கப்பட்ட எல்லை தாண்டிய அன்றுதான் இன்ஜின் திணறி அணைகிறது. நெடுஞ்சாலையில் தகடு நன்றாகத் திறந்திருப்பதால் அந்த வளையம் ஒரு பொருட்டே அல்ல. வேகமாகப் போகும்போது நன்றாக ஓடி, நின்றால் மட்டும் அணையும் கார்களில் நான் முதலில் தேடுவது இந்த வளையத்தைத்தான். இன்னொரு அடையாளமும் உண்டு: தகடு பிசினில் ஒட்டிக்கொள்வதால், பெடலை மெல்ல அழுத்தும்போது முதலில் அசைவே இராது, பிறகு கார் துள்ளும்.

வடிகட்டிய காற்று வரும் வழியில் கரி எப்படி வந்தது? பிஸ்டன் வளையங்களைத் தாண்டிக் கீழே கசியும் வாயு, எண்ணெய்த் துளிகளைச் சுமந்துகொண்டு கிரேங்க்கேஸ் குழாய் வழியாக மறுபடி இன்டேக்குக்கு வருகிறது. புகையின் ஒரு பகுதியைத் திருப்பி அனுப்பும் இஜிஆர் அமைப்பு இருந்தால் அதன் கரியும் சேர்கிறது. இரண்டும் கலந்தால் கிடைப்பதுதான் அந்த மெழுகு.

படி 5: சுத்தம் செய்தல்

முதன்முறை இந்த வேலையைச் செய்தபோது ஸ்க்ரூடிரைவர் முனையால் தகட்டைத் தள்ளித் திறந்தேன். பாதியில் பிடித்தது. இன்னும் கொஞ்சம் அழுத்தினேன். மூடிக்குள் "டக்" என்று ஒரு சின்னச் சத்தம். பிளாஸ்டிக் பல்சக்கரத்தில் ஒரு பல் போய்விட்டது. அழுக்கு எடுக்கப் போனவன் புதிய திராட்டில் பாடி வாங்கிக்கொண்டு வந்தேன்.

எனவே, முதலில் காரின் கையேட்டைப் பாருங்கள். தகட்டைக் கையால் நகர்த்தவே கூடாது என்று சொல்லும் தயாரிப்பாளர்களும் உண்டு. அனுமதி இருந்தால் விரல் நுனியால் மெதுவாக, பிடிக்கும் இடத்தில் நிறுத்திவிடும் அளவுக்கு மட்டும் தள்ளுங்கள். திராட்டில் பாடிக்கென்று விற்கும் கிளீனரை மட்டும் வாங்குங்கள். கார்பரேட்டர் கிளீனர் வேண்டாம். சில திராட்டில் பாடிகளின் உட்சுவரில் ஒரு மெல்லிய பூச்சு இருக்கும். கடுமையான திரவம் அதை அழுக்கோடு சேர்த்துக் கரைத்துவிடும்.

கிளீனரை நேரடியாகக் குழாய்க்குள் பீய்ச்சாதீர்கள். பஞ்சு உதிராத துணியில் நனைத்துத் துடையுங்கள். தண்டின் இரு முனைகளிலும் சென்சார் பக்கத்திலும் திரவம் இறங்கக் கூடாது. மூலைகளுக்கு மென்மையான பல்துலக்கும் பிரஷ் போதும். எமரி தாள், கத்தி, கம்பி பிரஷ் எதுவும் கூடாது. கையுறையும் கண்ணாடியும் அணிந்து, காற்றோட்டமான இடத்தில், தீப்பொறி எதுவும் இல்லாமல் செய்யுங்கள். தகட்டின் ஓய்வு நிலையைத் தீர்மானிக்கும் சிறு ஸ்க்ரூ ஒன்று தென்பட்டால் அதைத் தொடாதீர்கள். அது தொழிற்சாலையில் வைத்த அளவு.

கேபிள் வகை என்றால் தகட்டோடு சேர்த்து, ஐடிலிங்குக்கான காற்றைத் தனி வழியில் விடும் ஐடிலிங் வால்வையும் கழற்றிச் சுத்தம் செய்யுங்கள். கேபிளின் இழைகள் பிரிந்திருக்கின்றனவா, பெடலை விட்டதும் தயங்காமல் திரும்புகிறதா என்றும் பாருங்கள். தரைவிரிப்பு பெடலில் மாட்டியிருக்கிறதா என்று பார்க்கவும் வெட்கப்பட வேண்டாம்.

படி 6: கணினிக்குப் புதிய நிலையைக் கற்றுக்கொடுத்தல்

எல்லாவற்றையும் பூட்டி இன்ஜினை ஓட்டினால் பலருக்கு அதிர்ச்சி காத்திருக்கும்: ஐடிலிங் 1,500 ஆர்பிஎம்முக்கு (நிமிடத்துக்கு 1,500 சுற்று) மேல் பாயும். எதையோ கெடுத்துவிட்டோம் என்று பயப்பட வேண்டாம். அழுக்கு இருந்த காலத்தில் பழகிய அளவுக்கே கணினி இன்னும் தகட்டைத் திறந்து வைத்திருக்கிறது. இப்போது இடைவெளி தெளிந்துவிட்டதால் காற்று கூடுதலாகப் போகிறது. சில கார்கள் சற்று ஓடியதும் தாமே சரிசெய்துகொள்ளும். சிலவற்றுக்கு ஸ்கேனர் வழியாக திராட்டில் அடாப்டேஷன், அதாவது தகட்டின் புதிய நிலையைக் கணினிக்குப் பதிய வைக்கும் வேலை, செய்ய வேண்டும். முறை காருக்குக் கார் மாறும். கையேட்டில் உள்ளதையே பின்பற்றுங்கள். முடிவில் ஐடிலிங் பொதுவாக 650 முதல் 850 ஆர்பிஎம்முக்குள் நிலைத்து நிற்க வேண்டும்.

படி 7: அப்போதும் சரியாகவில்லை என்றால்

இப்போதுதான் சென்சார்மீது சந்தேகப்படலாம். இன்ஜினை ஓட்டாமல் இக்னிஷனை மட்டும் போட்டு, ஸ்கேனரின் நேரடி அளவுகளைத் திறந்து, பெடலை மிக மெதுவாக அழுத்துங்கள். அளவு படிப்படியாக ஏற வேண்டும். நடுவில் திடீரென்று விழுந்து எழுந்தால் சென்சாருக்குள் அளவெடுக்கும் தடம் தேய்ந்திருக்கிறது. பல கார்களில் இரண்டு சென்சார்களும் எதிரெதிராக வேலை செய்யும்: ஒன்று 0.5 வோல்ட்டிலிருந்து ஏறும்போது மற்றொன்று 4.5 வோல்ட்டிலிருந்து இறங்கும். அவ்வகையில் எந்தக் கணத்திலும் இரண்டின் கூட்டுத்தொகை 5க்கு அருகில் இருக்க வேண்டும். இரண்டும் சேர்ந்தே ஏறும் வகையும் உண்டு. அதில் இந்தக் கூட்டல் பொருந்தாது.

இக்னிஷனை மறுபடி அணைத்துவிட்டு, தகட்டின் தண்டைப் பிடித்து மேலும் கீழும் அசைத்துப் பாருங்கள். ஆட்டம் இருந்தால் தாங்குமிடம் தேய்ந்துவிட்டது. எந்தக் கிளீனரும் உதவாது. தேய்ந்த தடம், உடைந்த பல், ஆடும் தண்டு ஆகிய மூன்றில் ஒன்று உறுதியானால் தயங்காமல் மாற்றுங்கள். புதியதைப் பொருத்தும்போது கேஸ்கெட்டும் புதிதாக இருக்கட்டும், அடாப்டேஷனையும் விட்டுவிடாதீர்கள்.

சுத்தம் செய்து ஓட்டத் தொடங்கியவர்கள் ஒரு 5,000 கிலோமீட்டர் கழித்து அதே ரப்பர் குழாயை மறுபடி கழற்றி டார்ச் அடித்துப் பாருங்கள். கருவளையம் அதற்குள் திரும்பியிருந்தால் கிளீனர் டப்பாவை எடுக்காதீர்கள். இன்ஜின் எண்ணெய் அளவுக்கோலின் மேல் கோட்டைத் தாண்டி நிரம்பியிருக்கிறதா, கிரேங்க்கேஸ் வாயுக் குழாயிலுள்ள பிசிவி வால்வு (அந்த வாயு இன்டேக்குக்குப் போகும் அளவைக் கட்டுப்படுத்துவது) திறந்தபடி சிக்கியிருக்கிறதா என்று பாருங்கள். பல கார்களில் அந்த வால்வைக் கழற்றிக் காதருகே ஆட்டினால் உள்ளே கடகடவென்று சத்தம் வரும். அவ்வகை வால்வு சத்தமில்லாமல் இருந்தால் அதை மாற்றிவிட்டு, அதன் பிறகு வளையத்தைத் துடையுங்கள்.