காட்டோரத் தோட்டத்து நாய்: சிறுத்தையை மட்டும் பார்த்தால் போதாது

மேற்குத் தொடர்ச்சி மலையடிவாரத்தில் தோட்டம் வைத்திருப்பவர்களுக்குச் சிறுத்தைமேல்தான் கண். ராத்திரியானால் நாயைக் கூண்டில் அடைத்து விளக்குப் போட்டுவிடுவார்கள். பகலில் அதே நாய் கீரியைத் துரத்திக்கொண்டு புதருக்குள் போனால் யாரும் கூப்பிடுவதில்லை. நோய் நுழைய அந்த வழி போதும்.

கீரி, நரி இரண்டுமே ரேபிஸைக் கடத்தும். ஆளைக் கண்டால் ஓடுகிற நரி பட்டப்பகலில் களத்தில் வந்து நின்றால், பசி போல என்று விட்டுவிடாதீர்கள். நாயைக் கட்டிப்போட்டு வனத்துறைக்குச் சொல்லுங்கள். நாய்க்குக் கடி விழுந்துவிட்டதா? மஞ்சள், சுண்ணாம்பு எதையும் அப்ப வேண்டாம். கையுறை மாட்டி, ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டுக் கால்மணி நேரம் கழுவுங்கள். அன்றைக்கே கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோங்கள். ‘போன வருஷம்தான் ஊசி போட்டோமே’ என்று இருந்துவிடக் கூடாது. கடிபட்டால் மறுபடியும் போட வேண்டும். அந்த எச்சில் உங்கள் கைக்கீறலில் பட்டிருந்தால் உங்களுக்கும் ஊசி உண்டு.

‘செவன் இன் ஒன் போட்டாச்சு’ என்று நாய்க்கான கூட்டுத் தடுப்பூசியை நம்பி வரும் நிம்மதியும் பாதிதான். பெரும்பாலும் ரேபிஸுக்குத் தனி ஊசி. சில கூட்டு ஊசிகளில் எலிக்காய்ச்சலுக்கும் மருந்து இருக்காது. தடுப்பூசி அட்டையில் ஒட்டிய லேபிளைக் காட்டிக் கேட்டுவிடுங்கள்.

தோட்டங்களில் ரொம்ப அலட்சியமாக விடப்படுவது இந்த எலிக்காய்ச்சல்தான் என்பேன். பெருச்சாளி, காட்டுப்பன்றி போன்றவற்றின் சிறுநீரில் வரும் கிருமி, தேங்கிய மழைத்தண்ணீரில் வாரக்கணக்கில் உயிரோடு கிடக்கும். நாய் அதைக் குடிக்க வேண்டும் என்றுகூட இல்லை. பாதத்தில் ஒரு சின்ன வெடிப்பு இருந்து, அதில் நடந்தாலே போதும். ராத்திரி தட்டில் மிச்சச் சோற்றை விட்டுவைத்தால் எலி வந்து தின்றுவிட்டு அதிலேயே சிறுநீரும் விட்டுப்போகும். காலையில் நாய் அதே தட்டை நக்கும். நாய் சோறு தொடாமல், வாந்தியெடுத்து, கண் மஞ்சளானால் காமாலை என்று கீழாநெல்லி அரைத்துக் கொடுப்பவர்கள் உண்டு. அதற்குள் சிறுநீரகம் கெட்டுவிடும். இது மனிதருக்கும் தொற்றும், நாயின் சிறுநீரை வெறுங்கையால் துடைக்காதீர்கள்.

உண்ணிக்கு மண்ணெண்ணெய் வேண்டாம், பீடி நெருப்பும் வேண்டாம். காதுக்குள், விரலிடுக்கில் தேடி, இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து நேராக இழுங்கள். நகத்தில் வைத்து நசுக்காதீர்கள். உண்ணி கடித்த நாய்க்கு ஈறு வெளுத்து, சிறுநீர் கட்டன்காப்பி நிறத்தில் போனால் ரத்தப் பரிசோதனை உடனே வேண்டும்.

டிஸ்டெம்பர் என்ற வைரஸ் நோய் இருபக்கமும் போகும். நரியிடமிருந்து நாய்க்கு வரும், நாயிடமிருந்து காட்டுக்கும் போகும். 2018இல் குஜராத்தின் கிர் காட்டில் 20க்கும் மேற்பட்ட சிங்கங்கள் செத்தபோது, பரிசோதித்த சிலவற்றில் இருந்தது இதே வைரஸ்தான். குட்டிக்கு ஒரு ஊசி போட்டுவிட்டு அவிழ்த்துவிடுகிறோமே, அது போதாது. 6 முதல் 8 வாரத்தில் தொடங்கி, 16 வாரம் ஆகும்வரை 3, 4 வாரத்துக்கு ஒருமுறை போட வேண்டும். அதுவரை குட்டி வேலிக்குள்ளேயே இருக்கட்டும்.